கேட்கத் தயங்கிய ஒன்பதரை வருடங்கள்

 

வழக்கமாக நான் இங்கே பழைய வகுப்புப் புகைப்படமோ, யாருக்காவது பிறந்தநாள் வாழ்த்தோதான் போடுவேன். இன்று காசு விஷயம். பதிவு கொஞ்சம் நீளம். உங்களில் பலர் தனியார் பள்ளியிலும் கம்பெனியிலும் வேலை பார்க்கிறீர்கள், சிலர் ஓய்வு பெறும் வயதை நெருங்கிவிட்டீர்கள் (நம்பவே முடியவில்லை!). அதனால் பொறுமையாகப் படித்துவிடுங்கள்.

போன தை மாதம் என்னிடம் ஐந்தாம் வகுப்பு படித்த ஒரு பெண் போன் செய்தாள். அவளும் என்னைப் போல ஆசிரியர் பயிற்சி முடித்து டீச்சர் ஆனவள். ஒரு தனியார் பள்ளியில் 1999 ஜூன் முதல் 2016 ஏப்ரல் வரை வேலை பார்த்தாள். மாமியார் பக்கவாதம் வந்து படுத்துவிட்டதால் விட்டுவிட்டு வந்தாள். விடும்போது ஒரு சால்வை, ஒரு குத்துவிளக்கு, ஒரு பிரிவு உபசாரம். அவ்வளவுதான்.

“பணிக்கொடை குடுத்தாங்களாம்மா?” என்று கேட்டேன்.

“டீச்சருங்களுக்கு அதெல்லாம் கெடையாதுன்னு சொல்லிட்டாங்க டீச்சர். இப்ப பொண்ணு காலேஜுக்குப் போறா. பீஸ் கட்ட நகையை வெக்கணும். அப்பதான் கூட வேலை பாத்த ஒருத்தி, நீ கேட்டிருக்கலாமேன்னா. இத்தன வருஷம் கழிச்சுப் போய்க் கேட்டா அசிங்கமா இருக்காதா டீச்சர்?”

அந்த ‘அசிங்கமா இருக்காதா’ என்ற சொல் என்னை அன்று இரவு தூங்க விடவில்லை. ஏனென்றால் அதே சொல்லை நானும் ஒன்பதரை வருடம் மனதுக்குள் சொல்லிக்கொண்டிருந்தவள்தான்.

இதை நான் யாரிடமும் அதிகம் சொன்னதில்லை. ஆறாவது ஊதியக்குழுவின்படி நம் மாநிலத்தில் 2009 ஜூனில் அரசாணை வந்தது. 2006 ஜனவரி முதல் கணக்கில் நிர்ணயம், 2007 ஜனவரி முதல் ரொக்கப் பலன். எல்லோருக்கும் புதிய சம்பளம் நிர்ணயித்தார்கள். எனக்கு நிர்ணயித்தபோது ஓர் ஊதிய உயர்வு விடுபட்டுவிட்டது. அது எனக்குத் தெரியவே தெரியாது. 2010 பிப்ரவரியில் பள்ளியில் எல்லோரும் உட்கார்ந்து வருமான வரிப் படிவம் நிரப்பிக்கொண்டிருந்தோம். பக்கத்தில் இருந்த டீச்சர் எனக்கு இரண்டு வருடம் இளையவர். அவருடைய அடிப்படைச் சம்பளம் என்னுடையதைவிடக் கூடுதலாக இருந்தது. அவருக்கே சங்கடமாகப் போய்விட்டது. “அக்கா, உங்களுக்கு எங்கயோ தப்பு நடந்திருக்கு” என்றார்.

தலைமையாசிரியரிடம் சொன்னேன். “ஆடிட் வரும்போது சரி பண்ணிருவாங்கம்மா” என்றார். வந்தது ஆடிட். யாருக்கெல்லாம் கூடுதலாகக் கொடுத்திருக்கிறார்கள் என்று பக்கம் பக்கமாக எழுதினார்கள். குறைவாகக் கொடுத்ததைப் பற்றி ஒரு வரி இல்லை. 2011-இல் ஒரு விண்ணப்பம் கொடுத்தேன். 2013-இல் நினைவூட்டு. 2016-இல் இன்னொன்று. அதற்கு மட்டும், “தங்கள் கோரிக்கை பரிசீலனையில் உள்ளது” என்று ஒரு கடிதம் வந்தது. தங்கக்காசு கிடைத்தது மாதிரி அதைக் கோப்பில் பத்திரமாக வைத்தேன்.

ஏன் அப்போதே கோர்ட்டுக்குப் போகவில்லை என்று கேட்பீர்கள். எந்த அலுவலகத்தின் மேல் வழக்குப் போட வேண்டுமோ, அதே அலுவலகத்தில்தான் என் பணிப்பதிவேடு இருந்தது. மகள் கல்யாணத்துக்கு வருங்கால வைப்பு நிதியில் முன்பணம் கேட்ட விண்ணப்பம் அதே மேசையில்தான் கிடந்தது. மருத்துவ விடுப்பு, வருடாந்திர உயர்வு, நாளைக்கு ஓய்வூதியக் கருத்துரு எல்லாம் அங்கிருந்துதான் நகர வேண்டும். தண்ணீரில் இருந்துகொண்டு முதலையோடு சண்டை போட முடியுமா? ‘ஓய்வு பெற்ற பிறகு பார்த்துக்கொள்ளலாம்’ என்று தள்ளிப்போட்டேன். கூடவே ஒரு கூச்சம். மாதம் ஆயிரம் ரூபாய்க்கு டீச்சர் கோர்ட் படி ஏறினாள் என்று ஊர் பேசுமே!

கல்வியாண்டு முடியும்வரை மறுநியமனத்தில் இருந்து 2019 மே 31-இல் வீட்டுக்கு வந்தேன். ஆகஸ்டில் ரிட் மனு போட்டேன். என் அண்ணன் மகன்தான் வக்கீல். கோப்பைப் பார்த்துவிட்டு முதலில் சொன்னது, “அத்தை, கேஸு நல்ல கேஸு. ஆனா ரொம்ப லேட்.”

“அதான் மூணு மனு போட்டிருக்கேனேடா? பரிசீலனையில இருக்குன்னு அவங்களே எழுதியிருக்காங்களே?”

“அதை வெச்சு காலம் நீளாது அத்தை.”

2008-இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்புச் சொன்ன சி.ஜேக்கப் வழக்கை அன்றுதான் எனக்கு விளக்கினான். நம் தமிழ்நாட்டில் புவியியல் சுரங்கத் துறை வழக்கு. 1982-இல் வேலை போனவர், 18 வருடம் கழித்து 2000-இல் மனு கொடுக்கிறார். மனுவைப் பரிசீலிக்கும்படி ஓர் உத்தரவு வருகிறது. துறை பரிசீலித்து, முடியாது என்கிறது. அந்தப் பதிலை வைத்துப் புதிய வழக்கு. உச்ச நீதிமன்றம் ஒப்பவில்லை. செத்துப்போன கோரிக்கைக்கு இன்று ஒரு மனுப் போட்டு, அதற்குப் பதில் வாங்கியதாலேயே உயிர் வந்துவிடாது என்பது அந்தத் தீர்ப்பின் சாரம். நம்மில் பாதிப் பேர், மனு கொடுத்து ரசீது வைத்திருந்தால் நம் உரிமை பத்திரம் என்று நினைத்துக்கொண்டிருக்கிறோம். நானும் அப்படித்தான் நினைத்தேன்.

ஆனால் என் வழக்கு முழுதாகப் போய்விடவும் இல்லை. அதற்குக் காரணம் அதே 2008-இல் வந்த தர்சேம் சிங் வழக்கு. ராணுவத்திலிருந்து உடல்நலக் குறைவால் 1983-இல் வெளியே வந்தவர், 16 வருடம் கழித்து ஊனமுற்றோர் ஓய்வூதியம் கேட்டார். சம்பளமோ ஓய்வூதியமோ குறைவாக வந்தால், ஒவ்வொரு மாதமும் அந்தத் தவறு புதிதாக நடக்கிறது, ஆகவே தாமதமாக வந்தாலும் கேட்கலாம் என்றது நீதிமன்றம். நிலுவை மட்டும் வழக்குப் போட்ட நாளுக்கு முந்தைய மூன்று வருடத்துக்குத்தான் கிடைக்கும். பதவி உயர்வு, பணிமூப்பு மாதிரி மற்றவர்களையும் கலைக்கிற விஷயம் என்றால், தாமதமானால் கதவு அடைத்துவிடும். வகுப்பில் சொல்வது மாதிரி சொல்கிறேன்: ஒழுகுகிற குழாயை எப்போது வேண்டுமானாலும் அடைக்கச் சொல்லலாம், ஆனால் பத்து வருடம் ஒழுகிப்போன தண்ணீரைத் திருப்பிக் கேட்க முடியாது.

எனக்கும் அதுதான் நடந்தது. 2021-இல் உத்தரவு வந்தது. தவறு அலுவலகத்தின் தவறுதான், சம்பளத்தைத் திருத்து, ஓய்வூதியத்தைத் திருத்து, நிலுவை 2016 ஆகஸ்டு முதல் கொடு. கையில் பணம் வந்தது 2023-இல். 2007 ஜனவரி முதல் 2016 ஜூலை வரை, ஒன்பது வருடம் ஏழு மாதம், போனது போனதுதான். அகவிலைப்படியும் சேர்த்துக் கணக்குப் போட்டுப் பார்த்தேன். ஒரு லட்சத்துக்கு மேல். உங்கள் மாமா, “போகட்டும் விடு, கணக்கு டீச்சர் கணக்குல கோட்டை விட்டுட்டே” என்று இன்றும் கேலி செய்கிறார்.

தாமதம் என் தவறு என்பதை ஒப்புக்கொள்கிறேன். பழைய கோரிக்கைகளுக்கு ஓர் எல்லை வேண்டும் என்பதும் நியாயம்தான். முப்பது வருடம் கழித்து ஒருவர் வந்து நின்றால் ஆவணம் இருக்காது, கையெழுத்துப் போட்ட அதிகாரி உயிரோடு இருக்க மாட்டார். அதெல்லாம் சரி. ஆனால் என் விஷயத்தில் ஆவணம் யாரிடம் இருந்தது? எஸ்.ஆர். அவர்கள் பீரோவில். சம்பளப் பட்டியல் தயாரித்தது அவர்கள். தப்பாகக் கூட்டியதும் அவர்கள். ஒரு தாளும் தொலையவில்லை. அப்படி இருக்க, என் தாமதத்தின் லாபம் முழுவதும் தப்புச் செய்தவர்களுக்கே போய்ச் சேருவது எனக்கு நியாயமாகப் படவில்லை. பணியில் இருக்கும்போது வாய் திறக்க முடியாது என்பது எல்லோருக்கும் தெரிந்த விஷயம். சம்பளப் பாக்கிக்கு மூன்று வருடக் கெடு என்றால், அந்த மூன்று வருடத்தை ஓய்வு பெற்ற நாளிலிருந்து எண்ணட்டுமே? நிர்ணயத்தில் தவறு இருந்தால் கண்டுபிடித்துச் சொல்கிற கடமையை அலுவலகத்துக்கு வைக்கட்டுமே?

எதிர்ப்பக்கம் என்ன நடக்கிறது தெரியுமா? கூடுதலாகக் கொடுத்துவிட்டோம் என்று தெரிந்தால் மட்டும், ஓய்வு பெறுகிற மாதத்தில் பதினைந்து வருடத்துக் கணக்கைத் தோண்டி எடுத்து, பணிக்கொடையில் பிடிக்கப் பார்ப்பார்கள். என்னோடு வேலை பார்த்த ஒருவருக்கு அப்படித்தான் நோட்டீஸ் வந்து மனிதர் ஒடிந்துபோனார். 2014 டிசம்பரில் ரஃபிக் மசீ வழக்கில் உச்ச நீதிமன்றம் இதற்குத் தடை போட்டிருக்கிறது. ஓய்வு பெற்றவர்களிடமும், ஒரு வருடத்துக்குள் ஓய்வு பெறப்போகிறவர்களிடமும், ஐந்து வருடத்துக்கு மேல் கூடுதலாகக் கொடுத்து வந்ததையும் பிடிக்கக்கூடாது என்று. ஆனால் 2016-இல் வந்த ஜக்தேவ் சிங் வழக்கில், ‘கூடுதலாகப் பெற்றிருந்தால் திருப்பித் தருவேன்’ என்று எழுதிக் கொடுத்தவரிடம் பிடிக்கலாம் என்று சொல்லிவிட்டார்கள். சம்பள நிர்ணயத்தின்போது நீட்டுகிற தாளில் எல்லாம் படிக்காமல் கையெழுத்துப் போடாதீர்கள். குறைவாகக் கொடுத்திருந்தால் நாங்கள் தருவோம் என்று அலுவலகம் எழுதிக் கொடுத்து நான் பார்த்ததில்லை.

சரி, அந்தப் பெண்ணின் கதைக்கு வருகிறேன். என்னைவிட அவள் பெரிய தாமதம். ஆனால் அவளுடைய வாசல் வேறு வாசல்.

தனியார் பள்ளி ஆசிரியர்களுக்குப் பணிக்கொடை கிடையாது என்று நிர்வாகம் சொன்னது சும்மா சொன்னதில்லை. 2004-இல் உச்ச நீதிமன்றமே அப்படித்தான் தீர்ப்புச் சொன்னது. 1972-ஆம் ஆண்டுப் பணிக்கொடைச் சட்டத்தில் ‘ஊழியர்’ என்றால் திறன் பெற்ற வேலை, திறன் குறைந்த வேலை, உடலுழைப்பு, மேற்பார்வை, எழுத்து வேலை என்று ஒரு பட்டியல் இருந்தது. ஆசிரியர் அதில் எதிலும் வரமாட்டார் என்றார்கள். நாற்பது பிள்ளைகளை நாள் முழுக்க உட்கார வைத்துப் படிக்கச் சொல்லிக்கொடுப்பது எந்தத் திறன் என்று பட்டியல் போட்டவர்களுக்குத் தெரியவில்லை போலிருக்கிறது. பிறகு 2009-இல் நாடாளுமன்றம் சட்டத்தைத் திருத்தி, 1997 ஏப்ரல் 3 முதலே ஆசிரியர்களுக்கும் உண்டு என்று ஆக்கியது. தனியார் பள்ளிக்காரர்கள் அதை எதிர்த்துப் போனார்கள். 2022 ஆகஸ்டு 29-இல் உச்ச நீதிமன்றம் திருத்தம் செல்லும் என்று சொல்லிவிட்டது. ஆக, 2016-இல் அவளிடம் ‘கிடையாது’ என்று சொன்னபோதே சட்டம் மாறி ஆறு வருடத்துக்கு மேல் ஆகியிருந்தது. அவளுக்கு யார் சொல்வது?

கணக்கு இதுதான். கடைசி மாதச் சம்பளத்தை (அடிப்படையும் அகவிலைப்படியும்) 26-ஆல் வகுத்து, 15-ஆல் பெருக்கி, வேலை பார்த்த வருடத்தால் பெருக்க வேண்டும். ஐந்து வருடம் முடித்திருக்க வேண்டும். ஆறு மாதத்துக்கு மேல் இருந்தால் அதை ஒரு வருடமாக எடுத்துக்கொள்ளலாம். அவளுக்கு 16 வருடம் 10 மாதம், ஆக 17. கடைசிச் சம்பளம் 14,000. போட்டுப் பாருங்கள், 1,37,308 ரூபாய். ஒரு வருடக் கல்லூரிக் கட்டணத்துக்கு நகையை வைக்க வேண்டியதில்லை.

விண்ணப்பிக்க முப்பது நாள், நிர்வாகம் தராவிட்டால் தொழிலாளர் துறை அதிகாரியிடம் போகத் தொண்ணூறு நாள் என்று அந்த 1972-ஆம் ஆண்டுச் சட்டத்தின் விதி சொன்னது. இதைப் படித்துவிட்டுத்தான் பலர் ‘ஐயோ முடிந்துபோச்சு’ என்று உட்கார்ந்துவிடுகிறார்கள். அதே விதி, தக்க காரணம் இருந்தால் தாமதத்தை மன்னிக்கலாம் என்றும், கெடுவுக்குள் விண்ணப்பிக்கவில்லை என்ற ஒரே காரணத்துக்காக உரிமை போய்விடாது என்றும் சொன்னது. சட்டமோ இன்னும் ஒரு படி மேலே போனது. ஊழியர் விண்ணப்பித்தாலும் விண்ணப்பிக்காவிட்டாலும், கணக்குப் போட்டுத் தெரிவிக்க வேண்டிய பொறுப்பு முதலாளியுடையது. தாமதமானால் பத்து சதவீதத் தனிவட்டியும் இருந்தது. தாமதத்துக்கு ஊழியரே காரணம் என்று ஆனால் வட்டி போகலாம், அது வேறு.

என் வழக்கில் என் தாமதத்தைத்தான் முதலில் பார்த்தார்கள். இந்தச் சட்டத்தில் நிர்வாகத்தின் கடமையை முதலில் பார்க்கிறார்கள். எழுதியவர்கள் தொழிலாளியின் பயத்தைத் தெரிந்து எழுதியிருக்கிறார்கள். எல்லாச் சம்பளச் சட்டமும் இப்படி இருக்கக்கூடாதா என்பதுதான் என் ஆதங்கம்.

அண்ணன் மகன் விண்ணப்பம் எழுதிக் கொடுத்தான். நிர்வாகத்துக்குப் பதிவுத் தபாலில் அனுப்பினாள். பதில் இல்லை. தொழிலாளர் துறையில் மனு போட்டாள். அங்கே நிர்வாகம் வந்து சொன்ன பதிலைக் கேளுங்கள்: “இவர் 2007-இல்தான் சேர்ந்தார். அதற்கு முன்பு இவர் எங்களிடம் வேலை பார்த்ததற்கு ஆவணம் இல்லை.”

பிராவிடண்ட் பண்டில் 2007 முதல்தான் பெயர் சேர்த்திருக்கிறார்கள். அதற்கு முன்பு சம்பளம் கவரில் ரொக்கம். நியமன உத்தரவு என்று ஒரு தாள் கொடுக்கவே இல்லை. எட்டு வருட உழைப்பு ஒரே வாக்கியத்தில் காணாமல் போய்விட்டது. அன்று சாயங்காலம் போனில் அழுதாள். “பணம் கூடப் போகட்டும் டீச்சர். நான் அங்க இல்லவே இல்லன்னு சொல்றாங்களே” என்றாள்.

எனக்கு என் பழைய பெட்டி ஞாபகம் வந்தது. என் பிள்ளைகளின் ரேங்க் கார்டை எல்லாம் இன்னும் வைத்திருக்கிறேன். ஒவ்வொரு தேர்வுக்கும் கீழே வகுப்பாசிரியர் கையெழுத்து, தலைமையாசிரியர் கையெழுத்து, பள்ளி முத்திரை, தேதி. “உன்கிட்ட படிச்ச புள்ளைங்க யார்கிட்டயாவது ரேங்க் கார்டு இருக்குமாடீ?” என்றேன்.

அவள் தன் பழைய மாணவர் வாட்ஸ்அப் குழுவில் கேட்டிருக்கிறாள். இரண்டே நாளில் ஒன்பது ரேங்க் கார்டு. 2000-ஆம் வருடத்து இரண்டாம் வகுப்பு முதல் 2006 வரை. ஒரு பையன் பெங்களூரிலிருந்து அம்மாவிடம் சொல்லிப் பரணில் தேடச் சொல்லி அனுப்பியிருக்கிறான். இன்னொருத்தி கார்டின் ஓரத்தில் ‘கையெழுத்து முன்னேற வேண்டும்’ என்று டீச்சர் எழுதியிருந்ததைச் சிவப்பு வட்டம் போட்டு அனுப்பியிருந்தாள். ஆண்டுவிழா மலரில் ஆசிரியர் குழுப் படமும் கிடைத்தது, கீழே பெயர், வருடத்தோடு.

எல்லாவற்றையும் பட்டியல் போட்டு அதிகாரியிடம் கொடுத்திருக்கிறார்கள். அசலையும் கொண்டுவரச் சொல்லியிருக்கிறார்கள். அடுத்த விசாரணை வருகிற மாதம். நிர்வாகத் தரப்பில் இப்போது, ‘பேசி முடித்துக்கொள்ளலாமே, எண்பதாயிரம் தருகிறோம்’ என்று ஆள் விட்டிருக்கிறார்கள். அவளுக்குக் கொஞ்சம் சபலம். நான் வேண்டாம் என்றேன். முடிவு அவளுடையது. கையில் கிடைக்கிற எண்பதாயிரத்தை வேண்டாம் என்று சொல்ல, கட்டணத்தேதி நெருங்கும்போது எல்லோராலும் முடியாது. அதைப் பற்றி அவளைக் குறை சொல்ல எனக்கு உரிமை இல்லை.

அரசுப் பள்ளியில் இருக்கும் பிள்ளைகளே, வருடத்துக்கு ஒருமுறை உங்கள் எஸ்.ஆரைப் பாருங்கள். காட்ட மாட்டேன் என்றால், தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் பத்து ரூபாய்க்கு நகல் கேளுங்கள், முப்பது நாளில் பதில் தர வேண்டும். தனியார் பள்ளியில் இருப்பவர்கள் பிராவிடண்ட் பண்டு பாஸ்புத்தகத்தில் சேர்ந்த தேதி சரியா என்று இன்றைக்கே பாருங்கள். சம்பளத்தை வங்கிக் கணக்கில் போடச் சொல்லுங்கள். கவரில்தான் தருவார்கள் என்றால் அந்தக் கவரையாவது தூக்கிப் போடாதீர்கள். அப்புறம், இந்த விவரங்கள் எந்த டப்பாவில் இருக்கின்றன என்று வீட்டில் ஒருவரிடம் சொல்லி வையுங்கள். போன வருடம் தவறிய எங்கள் சக ஆசிரியர் ஒருவரின் மனைவி, எதை எங்கே தேடுவது என்று தெரியாமல் இன்னும் அலைந்துகொண்டிருக்கிறார்.

அவளுக்கு இன்னும் 1999–2000 கல்வியாண்டு ரேங்க் கார்டு ஒன்றுகூடக் கிடைக்கவில்லை. அந்த முதல் வருடத்துக்குச் சான்று வேண்டும். இந்தப் பதிவைப் படிக்கிற யாராவது, அல்லது உங்கள் தம்பி, தங்கை, மச்சான், அந்த வருடம் அவளிடம் ஒன்றாம் வகுப்போ இரண்டாம் வகுப்போ படித்திருக்கக்கூடும். எந்தப் பள்ளி என்று இங்கே எழுத வேண்டாம் என்று வக்கீல் சொல்லியிருக்கிறான். என் பழைய பிள்ளைகளில் அவளைத் தெரிந்தவர்களுக்கு இந்நேரம் யாரென்று புரிந்திருக்கும். பரணில் ஒருமுறை தேடிப் பாருங்கள். கிடைத்தால் எனக்குத் தனியாகச் செய்தி அனுப்புங்கள். படம் மட்டும் போதாது, அசல் கார்டு வேண்டும். வேலை முடிந்ததும் பத்திரமாகத் திருப்பித் தருவது என் பொறுப்பு.